அரை நொடி முன்னால்

ஐந்து பத்துக்கு அலாரம் அடிக்கும். அன்செல்மோ அதற்கு முன்பே விழித்திருப்பான். ஆனால் அடித்த பிறகுதான் எழுவான். வெந்நீர்க் கொதிகலனைப் பற்றவைப்பான். நீர் சூடாகும் பதினைந்து நிமிடத்தில் படுக்கை விரிப்பை ஒரு பக்கம் மட்டும் இழுத்துவிடுவான். மறுபக்கம் கலைந்திருக்காது. குளிப்பான். சட்டை, ஸ்வெட்டர், கழுத்தில் அடையாள அட்டை. வீட்டில் காபி போடுவதை நிறுத்தி ஆறு மாதமாகிறது. கதவுக்குப் பின்னால் ஆணியில் தொங்கும் குடையை எடுத்துக்கொண்டு பூட்டுவான்.

தெருமுனையில் பெரிய அலுமினியப் பானையோடு ஒரு பெண் நிற்பாள். ரொட்டியைப் பிளந்து அதற்குள் சூடான தமாலை, காரச் சாறு ஊற்றிய சோள மாவுக் கொழுக்கட்டையை, வைத்துக் கொடுப்பாள்.

"பச்சையா, சிவப்பா?"

"பச்சை."

அன்றைய நாளில் அவன் பேசும் முதல் சொல் அது. வேலையில் படிப்பதைக் கணக்கில் சேர்க்காவிட்டால், சில நாட்களில் கடைசிச் சொல்லும் அதுதான். மெட்ரோவில் நின்றபடியே தின்பான். பிப்ரவரி மாதத்தில் குடையோடு நிற்பவனை எதிரே இருப்பவர்கள் ஒரு தடவை பார்த்துவிட்டுக் கைபேசிக்குத் திரும்பிவிடுவார்கள். மெக்சிகோ நகரத்தில் பிப்ரவரியில் மழை பெய்யாது.

ஸ்டூடியோவில் அவனுடைய வேலை படிப்பது. படப்பிடிப்புத் தளத்துக்கு மேலே இரும்புப் படி ஏறினால் ஒரு கண்ணாடி அறை. உள்ளே ஒரு திரை, ஒரு மேசை விளக்கு, ஒரு மைக், மைக்கின் அடியில் ஒரு சிவப்புப் பொத்தான். கீழே ஒவ்வொரு நடிகர் காதுக்குள்ளும் பட்டாணி அளவில் ஒரு கருவி இருக்கும். அன்செல்மோ பொத்தானை அழுத்தி வசனத்தைப் படிப்பான். அரை நொடி கழித்து நடிகர் அதைச் சொல்வார். ஒரு நாளைக்கு முப்பது காட்சி எடுக்கும் தொலைக்காட்சித் தொடரில் மனப்பாடம் செய்ய யாருக்கும் நேரம் கிடையாது. 'எழுந்திரு', 'கடிதத்தைக் கீழே போடு', 'அழு' என்பதையும் அவன்தான் சொல்ல வேண்டும்.

இந்த வேலைக்கு ஒரே விதி, நடிக்காமல் படிப்பது. குரலில் ஒன்றும் இருக்கக் கூடாது. இருந்தால் அது நடிகரின் வாய்க்குப் போய்விடும். பழகிய காது யோசிப்பதில்லை, வந்ததை அப்படியே நாக்குக்கு அனுப்பிவிடும். அவனுக்கு முன்னால் அந்த அறையில் இருந்தவர், பொத்தானை விட மறந்து, காபி கொண்டுவந்த ஆளிடம் "சர்க்கரை வேண்டாம்" என்றிருக்கிறார். கீழே பாவமன்னிப்புக் கூண்டில் மண்டியிட்டிருந்த கதாநாயகி பாதிரியாரைப் பார்த்துக் கண்ணீரோடு "சர்க்கரை வேண்டாம்" என்றாள். அந்தக் கதையை ஸ்டூடியோவில் எல்லோரும் சொல்வார்கள். அன்செல்மோவும் முன்பு சொல்லிக்கொண்டிருந்தான்.

எல்லாக் காதுகளிலும் பணிவான காது எலோய்சா லந்தேரோஸுடையது. அவருக்கு எண்பத்து நான்கு வயது. எல்லோரும் மரியாதையாகத் தோன்யா என்று கூப்பிடுவார்கள். சினிமாவுக்கு வந்தது பதினெட்டு வயதில். இப்போது நடித்துக்கொண்டிருந்தது புரட்சிக் காலத்துத் தொடர் ஒன்றில், பெரிய பண்ணையின் எஜமானியாக. அன்செல்மோ ஐந்து வருடமாக அவர் காதில் இருந்தான்.

போன ஆகஸ்டில், ஒரு செவ்வாய்க்கிழமை மதியம், ஒரு காட்சி. வைத்தியர் வந்து, பேத்தி குதிரையிலிருந்து விழுந்து இறந்துவிட்டாள் என்று எஜமானியிடம் சொல்வார். எஜமானி 'ஆண்டவரே, என் உயிரை எடுத்துக்கொண்டு அவளைத் திருப்பிக் கொடும்' என்று கதற வேண்டும். அன்செல்மோ பொத்தானை அழுத்தினான். அதே நேரம் அவன் கைபேசி அதிர்ந்தது. மனைவி நோயெமியின் அக்கா பெர்த்தா. பகலில் கூப்பிடுகிறவள் இல்லை. இடது கையால் எடுத்தான். வலது விரலைப் பொத்தானிலிருந்து எடுத்துவிட்டதாகத்தான் நினைத்தான்.

"அன்செல்மோ, நோயெமி போயிட்டா. பள்ளிக்கூடத்துப் படியில விழுந்து... தலைக்குள்ள ரத்தக் குழாய் வெடிச்சிருச்சாம்."

"எப்போ?" என்றான்.

திரையில் எலோய்சா வைத்தியரைப் பார்த்து, "எப்போ?" என்றார்.

வைத்தியராக நடித்தவர் பழைய ஆள். அசரவில்லை. "ஒரு மணி நேரம் ஆச்சும்மா" என்றார். பெர்த்தாவும் ஏதோ சொன்னாள். எந்தப் பதிலை முதலில் கேட்டோம் என்பது அன்செல்மோவுக்கு இன்றுவரை தெரியாது.

"இல்லியே. காலையில நல்லாத்தான் இருந்தா. மழை வரும், குடையை எடுத்துக்கோன்னு சொன்னா."

அதைச் சொல்லும்போதுதான் நிமிர்ந்து திரையைப் பார்த்தான். எலோய்சாவின் உதடுகள் அவனுக்கு அரை நொடி பின்னால் அசைந்துகொண்டிருந்தன. அதே வார்த்தைகள், அவன் நிறுத்திய இடத்தில் நிறுத்தி. அழவில்லை, கதறவில்லை. 'குடை' என்ற இடத்தில் கை மேசையைத் தேடியது, கிடைக்கவில்லை.

இயக்குநர் எஃப்ரேன் வெகுநேரம் கட் சொல்லவில்லை. சொன்ன பிறகு, "யாருய்யா இதை எழுதினது?" என்று கேட்டார். அன்செல்மோ அதற்குள் படியிறங்கிப் போயிருந்தான். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. குடை வீட்டில் ஆணியில் தொங்கியது.

காட்சியை அப்படியே வைத்துக்கொண்டார்கள். செப்டம்பரில் ஒளிபரப்பானது. டாக்சிக்காரர்கள் அதைப் பற்றிப் பேசினார்கள். கிழவி அழவே இல்லை, நாங்கள் அழுதோம் என்று பெண்கள் எழுதினார்கள். டிசம்பரில் ஒரு வாரப் பத்திரிகை அந்த ஆண்டின் சிறந்த காட்சி என்று அதற்குப் பரிசு கொடுத்தது. எலோய்சா மேடையேறி, நன்றி என்ற ஒற்றைச் சொல்லோடு இறங்கினார். மறுநாள் காலையில் வெண்கலச் சிலை அன்செல்மோவின் மேசையில் ஒரு கடைப் பைக்குள் இருந்தது. சீட்டு எதுவும் இல்லை. அவன் அதைக் கதவடியில் வைத்தான். அது இன்னும் அங்கேதான் இருக்கிறது. கதவு காற்றில் சாத்திக்கொள்ளாமல் இருக்க உதவுகிறது.

அவன் அந்தக் காட்சியைப் பார்க்கவில்லை. இருவரும் அதைப் பற்றிப் பேசவும் இல்லை. "உன் குரல் இப்பதான் வேலைக்கு சரியா இருக்கு" என்று எஃப்ரேன் ஒருமுறை சொன்னார். பாராட்டாகத்தான் சொன்னார்.

ஜனவரி கடைசியில் எலோய்சா அவனை ஒப்பனை அறைக்குக் கூப்பிட்டனுப்பினார். அவன் போனபோது ஒப்பனைக்காரி சோலே அவர் கன்னத்தில் பவுடர் ஒற்றிக்கொண்டிருந்தாள். இருபது வருடமாக அந்த முகத்தைப் பார்த்துக்கொள்கிறவள்.

"அசையாதீங்க தோன்யா. இந்தச் சுருக்கத்துக்குள்ள போற பவுடர் திரும்பி வராது."

"போகட்டும். உள்ள நெறைய பேரு இருக்காங்க, அவங்களுக்கும் வேணாமா. நீ போய் ஒரு காபி குடிச்சிட்டு வா."

"எனக்குத்தான் காபி ஆகாதே."

"அப்ப குடிக்காம வா."

சோலே பஞ்சை மேசையில் எறிந்துவிட்டுப் போனாள். எலோய்சா கண்ணாடி வழியாகவே அவனைப் பார்த்தார்.

"கதவைச் சாத்து. கடைசிக் காட்சி எப்போ எடுக்கறாங்க?"

"அடுத்த வெள்ளிக்கிழமை. வெளியூர்ப் பண்ணையில."

"அன்னிக்கு என் காதுல நீ வாயைத் திறக்கக் கூடாது."

அவன் கதவுக் கைப்பிடியிலிருந்து கையை எடுத்தான்.

"மூணு வரி. பையன் குதிரையில போறான், நான் வாசல்ல நிக்கறேன், மூணு வரி சொல்றேன், கதை முடிஞ்சுது. அதுக்கப்புறம் யாரும் என்னைக் கூப்பிடப் போறதில்ல. அந்த மூணு வரியை என் ஞாபகத்துலேர்ந்து எடுத்து என் வாயால சொல்லணும். அவ்வளவுதான் கேக்கறேன்."

"காதுல கருவி இல்லாம எஃப்ரேன் விட மாட்டாரு."

"கருவி இருக்கட்டும். நீ இருக்காத."

பிறகு அவர் சொன்னார். யாரிடமும் முழுதாகச் சொன்னதில்லை போலிருந்தது. ஆனால் வேடிக்கைக் கதை சொல்வது போலத்தான் சொன்னார்.

வேராக்ரூஸ் துறைமுகத்திலிருந்து வந்தவர். முதல் படத்தின் தயாரிப்பாளர் அவரைப் பேசவிட்டுக் கேட்டார். "மூஞ்சி ராணி மாதிரி இருக்கு, தொண்டை மீன்காரி மாதிரி இருக்கு" என்றார். ரேடியோவில் நாடகம் படித்துக்கொண்டிருந்த செனைதா என்பவளை அழைத்துக் குரல் கொடுக்கவைத்தார்கள். பதினோரு படம். ஊரே அந்தக் குரலில் மயங்கியது. ஆண்கள் கடிதம் எழுதினார்கள், உன் குரலைக் கேட்டுக்கொண்டே சாக வேண்டும் என்று.

"ஒரு நாள் மார்க்கெட்ல நிக்கறேன். பின்னாலேர்ந்து நான் தக்காளிக்குப் பேரம் பேசறேன். படத்துல வர்ற என் குரல்தான். 'இதுல பாதி அழுகினது, என்னைக் குருடின்னு நெனச்சியா'ன்னு. திரும்பிப் பாத்தா குட்டையா, குண்டா ஒருத்தி. என்னைப் பாத்ததும் அவளுக்கு மூஞ்சி வெளுத்துப்போச்சு. ஏதோ திருடின பொருளோட மாட்டிக்கிட்ட மாதிரி. யாரு திருடி? நானா அவளா?"

"அப்புறம்?"

"தக்காளி வாங்கிட்டுப் போயிட்டா. வேற என்ன பேசறது."

பன்னிரண்டாவது படத்துக்குள் அந்தத் தயாரிப்பாளர் அவரைக் கைவிட்டுவிட்டதால் செனைதாவுக்குச் சம்பளம் கொடுக்க யாரும் இல்லை. எலோய்சா தன் குரலிலேயே பேசினார். எலோய்சா லந்தேரோஸின் குரல் கெட்டுவிட்டது, புகைபிடிப்பதை நிறுத்த வேண்டும் என்று ஒரு பத்திரிகை எழுதியது. அவர் புகைபிடித்ததே இல்லை.

"அதுக்கப்புறம் இருபது வருஷம் என் குரல்தான். பேசினது என்ன? 'முகமூடி போட்டவரே, காட்டேரி அந்தப் பக்கம் போச்சு.' மல்யுத்தக்காரங்க பேய் புடிக்கற படம் பதினாலு. அப்புறம் சாராயக்கடைப் படம். கடையோட முதலாளியம்மா நான்தான். 'பொண்ணுங்களா, கஸ்டமர் வந்தாச்சு.' அதை மறக்க முடியுமா, நினைவு வெச்சுக்கவும் என்ன இருக்கு. அப்புறம் டிவி. டிவிக்கு வந்த அன்னிலேர்ந்து காதுல ஒருத்தன். முதல்ல வாயில ஒருத்தி, இப்ப காதுல ஒருத்தன். அறுபத்தாறு வருஷம், நூத்தி நாப்பது படம், எத்தனை தொடர்னு எனக்கே தெரியாது. ஒரு நல்ல வரியை நானா சொன்னதில்லை."

பரிசு வாங்கிய வரியைப் பற்றி அவர் சொல்லவில்லை. சொல்லாவிட்டாலும் அது அந்த அறையில் இருவருக்கும் நடுவே நின்றது.

"மறந்துட்டீங்கன்னா?" என்றான் அன்செல்மோ.

"மறந்தா நிப்பேன். கிழவிக்கு மறந்துபோச்சுன்னு சொல்லிட்டுப் போகட்டும். நீ பேசக் கூடாது. என்ன ஆனாலும்."

"என் வேலை போயிடும்."

"போகட்டுமே. பல்கலைக்கழகத்துல இலக்கியம் படிச்சவன்தானே நீ? எவனோ எழுதின குப்பையை எங்க காதுல ஊத்திக்கிட்டு இருக்க. சத்தியம் பண்ணு." கண்ணாடி ஓரத்தில் செருகியிருந்த குவாதலூப்பே மாதாவின் சிறிய படத்தைக் காட்டினார். "இவ மேல."

"எனக்கு இப்ப இவ மேல நம்பிக்கை இல்ல தோன்யா."

"எனக்கு மட்டும் இருக்கா? ஆனா சத்தியம் பண்ண வேற யாரு இருக்கா."

அவன் சத்தியம் செய்தான்.

அதற்கடுத்த வாரம் முழுவதும் மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஒத்திகை பார்த்தார்கள். மூன்று வரி இவைதான். 'போ மகனே, திரும்பிப் பார்க்காதே.' 'இந்த மண்ணில் பிறந்தவர்களை இந்த மண்ணே திரும்ப அழைத்துக்கொள்ளும்.' பிறகு வேலைக்காரர்களிடம், 'கதவைச் சாத்தாதீர்கள். வருகிறவன் வரட்டும்.' முதல் வரி திங்கட்கிழமையே பிடிபட்டது. மூன்றாவது வந்து வந்து போனது. இரண்டாவது வரவே இல்லை. ஒவ்வொரு வரியையும் ஒரு பொருளோடு முடிச்சுப் போட்டுப் பார்த்தார். முதல் வரிக்கு இடது செருப்பு, இரண்டாவதற்குக் கையிலிருக்கும் ஜெபமாலை, மூன்றாவதற்குத் தாழ்ப்பாள். செவ்வாய்க்கிழமை ஜெபமாலையைப் பார்த்து, "நீ எதுக்கு இருக்கே?" என்று கேட்டார்.

"இந்த மண்ணு வரியை எழுதினவனை அதே மண்ணுல புதைக்கணும்."

"அது யாருக்குமே நிக்காது தோன்யா. உள்ள ஒண்ணும் இல்லாத வரி."

"அப்ப எது நிக்கும்?"

அவன் தாள்களை அடுக்கினான்.

"எனக்கு ஒண்ணு நிக்குது" என்றார் எலோய்சா. "இத்தனை வருஷத்துல அது ஒண்ணுதான். நான் அதைப் படிக்கவே இல்ல. காலையில பல்லு தேய்க்கும்போது வாயில இருக்கு. வேணாம்னாலும் போக மாட்டேங்குது." ஜெபமாலையை மேசையில் வைத்துவிட்டு, "அவ பேரு என்ன?" என்றார்.

ஆறு மாதத்தில் அந்தப் பெயரைப் பல படிவங்களில் எழுதியிருக்கிறான். வாயால் சொன்னதில்லை.

"நோயெமி."

"என்ன வேலை பாத்தா?"

"டீச்சர். சின்னப் பிள்ளைங்களுக்கு."

"அன்னிக்குக் குடையை எடுத்துக்கிட்டுப் போனியா?"

"இல்ல."

எலோய்சா தலையை ஆட்டினார். "சரி, மொதல்லேர்ந்து" என்றார்.

வியாழக்கிழமை எஃப்ரேன் கண்ணாடி அறைக்கு வந்தார். ஐம்பது வயது. தொடர் முடிகிறது என்பதால் ஒரு மாதமாகத் தூங்காத முகம். கையில் ஒரு சுவரொட்டி. எலோய்சாவின் முகம், அதற்குக் கீழே பெரிய எழுத்தில் 'கதவைச் சாத்தாதீர்கள். வருகிறவன் வரட்டும்.' ஞாயிற்றுக்கிழமை கடைசிப் பகுதி.

"எல்லா மெட்ரோ ஸ்டேஷன்லயும் ஒட்டியாச்சு. நாளைக்கு அவங்க இதைச் சொல்லணும், எழுத்து மாறாம. சாயங்கால வெளிச்சத்துல எடுக்கறேன், ரெண்டு டேக்தான் கிடைக்கும். வரலேன்னா முதுகைக் காட்டி எடுத்து, வேற பொம்பளையை வெச்சு குரல் குடுத்துடுன்னு சேனல்ல சொல்லிட்டாங்க. ஆளும் ஏற்பாடு பண்ணியாச்சு. அவங்ககிட்ட சொல்லிடாத."

"சொல்ல மாட்டேன்."

"நீ கரெக்டா குடுத்தா ஒண்ணும் பிரச்சினை இல்லப்பா."

எலோய்சாவுக்கு அது அன்று மாலையே தெரிந்துவிட்டது. சோலே சொல்லியிருந்தாள். "யாரு அந்தப் பொம்பளை, ரேடியோக்காரியா?" என்று மட்டும் கேட்டார். பதிலுக்குக் காத்திருக்கவில்லை.

பண்ணை நகரத்திலிருந்து இரண்டு மணி நேரம். சிவந்த சுவர், பெரிய மரக் கதவு. அதற்கு முன்னால் கற்றாழை வயல், அதற்கப்பால் ஒன்றுமில்லை. வானத்தில் ஒரு மேகம்கூட இல்லை. அன்செல்மோவுக்கு ஒரு வேனுக்குள் இடம் போட்டிருந்தார்கள். கதவைத் திறந்தால் வாசல் நேராகத் தெரியும். உள்ளே சின்னத் திரை, மைக், சிவப்புப் பொத்தான். குடையை இருக்கைக்கடியில் வைத்தான்.

"மழையை எதிர்பாக்கறீங்களா சார்?" என்றான் வேன் ஓட்டுநர்.

"இல்ல."

ஐந்தே முக்காலுக்கு முதல் டேக். சுவர் செம்பு நிறமாகியிருந்தது. மகனாக நடித்தவன் குதிரையில் ஏறினான். எலோய்சா கறுப்புச் சால்வையோடு வாசலில் நின்றார்.

"போ மகனே, திரும்பிப் பார்க்காதே."

அன்செல்மோவின் விரல் மேசையில் இருந்தது.

"இந்த மண்ணில் பிறந்தவர்களை..." எலோய்சாவின் கை ஜெபமாலையில் ஒரு மணி நகர்ந்தது. "இந்த மண்ணே திரும்ப அழைத்துக்கொள்ளும்."

வந்துவிட்டது. ஒரு வாரமாக வராத வரி வந்துவிட்டது. அன்செல்மோ எழுந்து நின்றுவிட்டான். வேனின் கூரையில் தலை இடித்தது.

பிறகு எலோய்சா வேலைக்காரர்கள் பக்கம் திரும்பினார். வாய் திறந்தது. ஒன்றும் வரவில்லை. நகரம் முழுக்க ஒட்டியிருந்த வரி. விளக்குப் பிடித்தவன் அதை உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருப்பது வேனிலிருந்தே தெரிந்தது. "குடு அன்செல்மோ, குடு, குடு" என்று எஃப்ரேன் அவன் ஹெட்போனுக்குள் முணுமுணுத்தார். அன்செல்மோ உட்கார்ந்து இரண்டு கைகளையும் தொடைக்கடியில் வைத்துக்கொண்டான்.

"கட்."

எஃப்ரேன் வேனுக்கு ஓடிவந்தார். "என்னப்பா, செத்துட்டியா?" சொன்னதும் அவர் முகம் மாறியது. "ஐயோ, மன்னிச்சுக்கோ. அந்த அர்த்தத்துல சொல்லல."

"பரவாயில்ல."

"மைக் வேலை செய்யுதா?"

"செய்யுது. குடுத்தேன். அவங்களுக்குக் கேக்கலையோ என்னமோ."

எஃப்ரேன் வாசலுக்கு ஓடினார். எலோய்சாவின் மைக் வழியாக அன்செல்மோவுக்கு எல்லாம் கேட்டது. "காதுல வருதா தோன்யா?" "நல்லா வருதே. பையன் தேன் மாதிரி படிக்கறான்." எஃப்ரேன் வேனைப் பார்த்தார், எலோய்சாவைப் பார்த்தார், பிறகு சூரியனைப் பார்த்தார். சண்டை போட நேரமில்லை.

இரண்டாவது டேக்.

"போ மகனே, திரும்பிப் பார்க்காதே."

அவ்வளவுதான். கை ஜெபமாலைக்குப் போனது. மணிகள் நகர்ந்தன, ஒன்று, இரண்டு, மூன்று. வரி வரவில்லை. குதிரை பொறுமையிழந்து கால் மாற்றியது. திரையில் எலோய்சாவின் முகம் முழுதாக இருந்தது. அதில் பயம் இருந்தது. ஐந்து வருடத்தில் அந்த முகத்தில் அவன் பார்க்காத ஒன்று. அவன் காதில்தான் இருந்திருக்கிறான், எப்போதும் அரை நொடி முன்னால். அவர் பயப்பட இடம் கொடுத்ததில்லை.

தாள் முன்னால் திறந்திருந்தது. அன்செல்மோவின் விரல் தானாகப் பொத்தானுக்குப் போய் அழுத்தியது. விளக்கு சிவந்தது. மைக் திறக்கும்போது காதுக்குள் சின்னதாக ஒரு இரைச்சல் எழும். எலோய்சா அதை எங்கிருந்தாலும் அறிவார். அவர் தலை, கேமராவுக்குத் தெரியாத அளவுக்கு, ஒரு தடவை அசைந்தது. வேண்டாம்.

அதற்கு மேல் நடந்தது எல்லோருக்கும் தெரியும், அல்லது தெரியும் என்று நினைக்கிறார்கள். எஃப்ரேன் கட் சொன்னார். ஒருவரின் கடைசிக் காட்சி முடிந்தால் எல்லோரும் கைதட்டுவது தளத்து வழக்கம். என்ன செய்வதென்று தெரியாமல் கைதட்டினார்கள். எலோய்சா செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு பேருந்துக்கு நடந்தார். சோலே அழுதுகொண்டே சால்வையைப் போர்த்திக்கொண்டு வாசலில் போய் நின்றாள். மிச்ச வெளிச்சத்தில் அவள் முதுகைப் படமெடுத்தார்கள். மறுநாள் ரேடியோவிலிருந்து ஒரு பெண் வந்து மூன்று வரியையும் ஒரே மூச்சில் பேசிக் கொடுத்துவிட்டுப் போனாள். ஞாயிற்றுக்கிழமை நாடே பார்த்தது. திங்கட்கிழமை அன்செல்மோவை வேலையிலிருந்து அனுப்பினார்கள். மார்ச்சில் எலோய்சாவுக்குப் பக்கவாதம் வந்து பேச்சு போனது. ஏப்ரலில் இறந்தார். அன்செல்மோ அடக்கத்துக்குக் குடையோடு போனான். பத்திரிகைகள் எல்லாம், கேமரா முன்னால் அவர் பேசிய கடைசி வார்த்தைகள் என்று 'கதவைச் சாத்தாதீர்கள். வருகிறவன் வரட்டும்' என்பதையே போட்டன. ஒரு பத்திரிகை, அந்தக் குரலில் பழைய இனிமை திரும்பியிருந்தது என்று எழுதியது.

ஆனால் அந்த இரண்டாவது டேக்கில், கட் சொல்வதற்கு முன்னால் பதினோரு நொடி இருந்தது. அன்செல்மோவின் விரல் பொத்தானிலேயே இருந்தது. விளக்கு எரிந்தது. அவன் ஒன்றும் சொல்லவில்லை. எலோய்சா ஜெபமாலையை விட்டார். முகத்திலிருந்த பயம் போனது. குதிரையில் இருந்தவனைப் பார்க்கவில்லை. வேலைக்காரர்களையும் பார்க்கவில்லை. கற்றாழை வயலோரம் கதவு திறந்திருந்த வேனைப் பார்த்தார். மேகமில்லாத வானத்துக்குக் கீழே, மீன்காரித் தொண்டையில், யாரும் சொல்லிக்கொடுக்காமல், அவசரமே இல்லாமல் சொன்னார்:

"மழை வரும். குடையை எடுத்துக்கோ."